நதி ஓடாத ஒன்றரை மணி நேரம்

இருபத்து நான்கு வயதில் நான் ஒரு நாட்டை உண்டாக்கினேன். வெண்கரை என்று அதற்குப் பெயர் வைத்தேன். அந்த நாட்டில் ஒரே ஒரு நதி. தினமும் ஒன்றரை மணி நேரம் அது ஓடாமல் நிற்கும். நதி நின்றால் காலமும் நின்றுவிடும். பறந்த கொக்கு வானத்தில் அப்படியே தங்கும், பொங்கி வந்த பால் பானைக் கழுத்தோடு நிற்கும். மனிதர்கள் மட்டும் அசையலாம். அந்த நேரத்துக்குத் தேக்கம் என்று பெயர். ஏழு அத்தியாயம் எழுதினேன், எட்டாவது எழுதவில்லை. அந்தக் கதை முடியாமல் போனதற்கு யாரும் வருத்தப்பட வேண்டாம். அது ஏன் தொடங்கியது என்பதைத்தான் சொல்ல வேண்டும், அதை நான் இவ்வளவு காலம் யாருக்கும் எழுதிக் காட்டியதில்லை.

ஐம்பதுகளின் நடுவில் நான் விழுப்புரத்தில் அக்கா வீட்டில் இருந்துகொண்டு, திண்டிவனத்தில் ஓர் ஆரம்பப் பள்ளிக்கு வாத்தியாராகப் போய்வந்துகொண்டிருந்தேன். எங்கள் சொந்த ஊர் கண்டாச்சிபுரத்துக்குப் பக்கம். நான் அரை டிராயர் போட்ட வயதிலேயே அம்மா போய்விட்டாள். ஏழு வயது மூத்த அக்காதான் எனக்குச் சோறு போட்டு, தலை வாரி, திட்டி, வளர்த்து ஆளாக்கினாள். அவளைக் கட்டிய மாமா ரயில்வேயில் இன்ஜினுக்குக் கரி தள்ளும் ஃபயர்மேன். டூட்டிக்குப் போனால் இரண்டு நாள் கழித்துக் கரி அப்பிய முகத்தோடு வருவார். வீடு ரயில்வே லைனுக்கு அந்தப் பக்கம், தெரு முடிந்து மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் வேர்க்கடலைக் கொல்லைகள் தொடங்கும் இடத்தில் இருந்தது.

அக்காவுக்கு ராகு காலம் என்றால் ராகு காலம்தான். அதில் அவளை யாராலும் அசைக்க முடியாது. திங்கட்கிழமை ஏழரையிலிருந்து ஒன்பது வரை அவள் வீட்டை விட்டு ஒரு காரியத்துக்கும் கிளம்பமாட்டாள், யாரையும் கிளம்ப விடவும் மாட்டாள். என் ரயிலோ எட்டு மணிக்கு. அதற்கு அவள் ஒரு வழி வைத்திருந்தாள். திங்கட்கிழமை ஏழு மணிக்கே என் பையை எடுத்துப்போய்ப் பக்கத்து வீட்டில் வைத்துவிடுவாள். பரஸ்தானம் என்று அதற்குப் பெயர். பை நல்ல நேரத்தில் கிளம்பிவிட்டதால் நானும் கிளம்பிவிட்டதாக அர்த்தம். பிறகு நான் எந்த நேரத்தில் போய்ப் பையை எடுத்துக்கொண்டாலும் தோஷம் இல்லை.

"ஏன்க்கா, என் பை மட்டும் திண்டிவனம் போயி பாடம் நடத்திட்டு வந்துடுமா?" என்று கேட்பேன்.

"நடத்தும்டா. உன்னவிட நல்லாவே நடத்தும்" என்பாள்.

அந்த நாளில் நான் பகுத்தறிவுக் கூட்டங்களில் நின்று கேட்ட பேச்சையெல்லாம் வீட்டில் வந்து கொட்டுகிறவன். நாள், நட்சத்திரம், பல்லி, பூனை எதையும் விட்டு வைத்ததில்லை. அக்கா கேப்பைக் களியைக் கிண்டிக்கொண்டே கேட்பாள். "பேசி முடிச்சியா? கைய கழுவிக்கினு வா" என்பாள். அவளுடைய மூன்று வயதுப் பையன் என் முழங்காலைக் கட்டிக்கொண்டு, நான் கையை ஆட்டுவதைப் போலவே தன் கையையும் ஆட்டுவான். எங்கள் வீட்டில் ராகு காலம் ஒரு சிரிப்புப் பொருளாகத்தான் இருந்தது. அவள் விடமாட்டாள், நான் கேலியை விடமாட்டேன், அவ்வளவுதான்.

அன்றும் ஒரு திங்கட்கிழமை. அரைப் பரீட்சை விடுமுறை என்பதால் நான் வீட்டில் இருந்தேன். பையனுக்கு முந்தின நாளிலிருந்து காய்ச்சல். மாமா டூட்டிக்குப் போயிருந்தார். ஏழே முக்கால் இருக்கும், அக்கா பையனைத் தோளில் போட்டுக்கொண்டு கூடத்துக்கு வந்தாள்.

"ஒடம்பு அனலா கொதிக்குதுடா. ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போயிடலாம். போய் ஒரு வண்டி இட்டா. ஜல்தியா வா."

நான் அலமாரியில் இருந்த டைம்பீஸைப் பார்த்தேன். ஒன்பது மணிக்கு முன்னால் இவள் படி தாண்டமாட்டாள் என்று எனக்கு நிச்சயமாகத் தெரியும். அவள் அப்படிச் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. தெரிந்ததை என்னத்துக்குக் கேட்பது என்ற திமிர்தான்.

ஸ்டேஷன் வாசலில் மூன்று ஜட்கா நின்றன. குதிரைகள் புல் தின்றுகொண்டிருந்தன. இப்போதே ஒன்றைக் கூட்டிப்போனால் வண்டிக்காரர் ஒரு மணி நேரம் நம் வாசலில் நின்று பேஜார் பண்ணுவார் என்று நினைத்தேன். எதிரே டீக்கடை இருந்தது, பேப்பர் இருந்தது, பேச ஆளும் இருந்தது. உட்கார்ந்துவிட்டேன். அங்கே நான் என்ன பேசினேன் என்பது நன்றாக நினைவிருக்கிறது. ராகு காலத்தைப் பற்றித்தான் பேசினேன். "வீட்ல சீக்கு புள்ளைய வச்சிக்கினு ஒம்போது மணி ஆவட்டும்னு குந்திக்கினு இருக்கிற ஜனம் உருப்படுமா?" என்று கேட்டேன். நாலு பேர் சிரித்தார்கள். எனக்கு ஒரு டீ அதிகமாகவே கிடைத்தது.

எட்டே முக்காலுக்கு வண்டி பிடித்தேன். லெவல் கிராசிங்கைத் தாண்டியதும் எதிரே அக்கா வருவது தெரிந்தது. காலில் செருப்பு இல்லை. தலை அவிழ்ந்து கிடந்தது. பையன் அவள் தோளில் மடங்கிக் கிடந்தான். நான் தெருமுனை திரும்பிய சற்று நேரத்திலேயே அவனுக்கு ஜன்னி கண்டு இழுத்திருக்கிறது. அவள் உடனே அவனைத் தூக்கிக்கொண்டு படி தாண்டி வாசலில் வந்து நின்றுவிட்டாள். அவ்வளவு நாள் கட்டிக்காத்த ராகு காலத்தை ஒரு நொடியில் தூக்கிப் போட்டுவிட்டு, என் வண்டிக்காகத் தெருவையே பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறாள். அரை மணிக்கு மேல் பார்த்துவிட்டு நடக்க ஆரம்பித்திருக்கிறாள்.

"எங்கடா போன?" என்றாள்.

"வண்டி கெடைக்கலக்கா."

அந்த வார்த்தை தானாக வாயிலிருந்து வந்தது. வண்டிக்காரர் ஒரு தடவை திரும்பி என் முகத்தைப் பார்த்தார். பிறகு குதிரையைத் தட்டினார்.

ஆஸ்பத்திரியில் அரை மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிட்டது. "இன்னும் ஒரு மணி நேரம் முன்னாடி கொண்டாந்திருக்கணும்மா" என்றார் டாக்டர். அவர் குற்றமாகச் சொல்லவில்லை, உள்ளதைச் சொன்னார். அக்கா அழவில்லை. திரும்பி வரும்போது வண்டியில் பையனை மடியில் வைத்துக்கொண்டு, எனக்குச் சமாதானம் சொல்கிற குரலில் சொன்னாள்:

"ராகு காலத்துல படி தாண்டினேன் இல்ல? அப்புறம் எப்படிரா வண்டி கெடைக்கும்?"

என் பொய் அவளுக்கு அத்தாட்சி ஆகிவிட்டது. வாழ்நாளெல்லாம் நான் எதை எதிர்த்துத் தொண்டை கிழியக் கத்தினேனோ, அதற்கு நானே சாட்சி சொல்லிவிட்டேன். அந்த வண்டியிலேயே நான் உண்மையைச் சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் அவள் என் முகத்தில் விழிக்கமாட்டாள் என்று பயந்தேன். நாளைக்குச் சொல்லலாம், காரியம் முடிந்ததும் சொல்லலாம், மாமா வந்து போனதும் சொல்லலாம் என்று தள்ளினேன். துக்கம் விசாரிக்க வந்தவர்களிடமெல்லாம் அவள் அதையே சொன்னாள்: நான்தான் படி தாண்டினேன், நான்தான் கெடுத்தேன். வந்தவர்கள் தலையை ஆட்டினார்கள். மறுக்க வேண்டியவன் நான் ஒருவன்தான். நான் அவர்களுக்குத் தண்ணீர் மொண்டு கொடுத்துக்கொண்டிருந்தேன்.

மறு வருஷத்தில் அக்காவுக்கு ஒரு பெண் பிறந்தது. வீட்டில் சிரிப்பு திரும்பவில்லை. ராகு காலத்தைப் பற்றி நான் வாயே திறப்பதில்லை. நான் திருந்திவிட்டேன் என்று அவள் நினைத்திருப்பாள்.

அந்தச் சமயத்தில்தான் என்னோடு வேலை பார்த்த டிராயிங் மாஸ்டர் ஒரு கையெழுத்துப் பத்திரிகை தொடங்கினார். மாதம் ஒரே பிரதி. அவரே அழகாக எழுதி, படம் போட்டு, காக்கி அட்டை போட்டுத் தைப்பார். அது திண்டிவனத்தில் கிளம்பி, எங்கள் ரயிலில் தினமும் வரும் சிநேகிதர்கள் கை மாறி, மயிலம், பேரணி, விக்கிரவாண்டி என்று ஒவ்வொரு வீட்டிலும் இரண்டு நாள் தங்கி, கடைசியில் விழுப்புரத்தில் எங்கள் வீட்டுக்கு வரும். பின்னால் நாலு பக்கம் வெறுமையாக இருக்கும். படித்தவர்கள் அபிப்பிராயத்தை அதில் எழுதலாம். பெயர் போடுகிறவர்கள் போடுவார்கள், கூச்சப்படுகிறவர்கள் போடமாட்டார்கள்.

அதில்தான் வெண்கரையைத் தொடராக எழுதினேன். முதல் மூன்று அத்தியாயமும் வெறும் கேலி. தேக்கத்தில் ராஜா தும்மலாமா கூடாதா என்று மந்திரிகள் சண்டை போடுவார்கள். ரயிலில் எல்லோரும் சிரித்தார்கள். எனக்குப் பழைய தெம்பு வந்துவிட்டது. நாலாவது அத்தியாயத்தில் என் கையை எந்தப் பேய் பிடித்ததோ தெரியாது. தேக்கத்தில் அசையாமல் உட்கார்ந்திருப்பவர்களின் பொழுது வீண்போகாது, அது நதியின் அடியில் போய்ச் சேரும் என்று எழுதினேன். போதுமான பொழுது சேர்ந்தால் ஒரு நாள் நதி பின்னோக்கி ஓடும், போனது திரும்பி வரும் என்று எழுதினேன். பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாய் தினமும் கரையில் வந்து அசையாமல் உட்காருகிறாள் என்றும் எழுதினேன்.

ஏன் எழுதினேன் என்றால், அந்த ஒன்றரை மணி நேரம் எனக்குத் திரும்ப வேண்டியிருந்தது. அதில்தான் நான் டீக்கடையில் உட்கார்ந்து பொழுதைத் தொலைத்தேன். கோழை மன்னிப்புக் கேட்பது இப்படித்தான். ஊரெல்லாம் படிக்கக் கதை எழுதுவான், கேட்க வேண்டிய ஆளிடம் மட்டும் வாயைத் திறக்கமாட்டான்.

அந்த இதழ் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டுத் திரும்பியபோது, கடைசிப் பக்கத்தில் பென்சிலில் ஒரு வரி இருந்தது: "எத்தனை நாள் உட்கார்ந்தால் நதி திரும்பும்?" பெயர் இல்லை. ஐந்தாம் வகுப்போடு நின்றவளின் கையெழுத்து, எனக்குத் தெரியாதா? அதைப் பார்த்ததும் நான் பயந்திருக்க வேண்டும். பயப்படவில்லை. கதை அவள் மனதைத் தொட்டுவிட்டது என்று சந்தோஷப்பட்டேன். நம்பிக்கையை விடாதவர்களுக்கு நாள் கணக்கே இல்லை என்று அடுத்த அத்தியாயத்தில் ஒரு வரியும் சேர்த்தேன். நல்ல வரி என்று டிராயிங் மாஸ்டர் முதுகில் தட்டினார். கரையில் உட்கார்ந்திருக்கும் தாயைப் பக்கம் முழுக்கப் படமாகவும் வரைந்தார்.

இரண்டு மாதம் கழித்து மாமா என்னை வெளியே கூப்பிட்டார். அவர் அதிகம் பேசுகிறவர் இல்லை.

"மச்சான், உன் அக்கா ஏதாவது சொன்னாளா?"

"இல்லியே மாமா. இன்னா விஷயம்?"

"தெனம் ராகு காலத்துல ஒரு எடத்துல குந்திக்கினு அசைய மாட்டேங்குறா. பால் பொங்கி ஊத்துது, பாத்துக்கினே கீறா. கொழந்த அழுதாலும் தொட மாட்டேங்குறா. கேட்டா பதில் இல்ல. மந்திரிக்க இட்டுக்கினு போலாமான்னு பாக்குறேன்."

நான் பகலெல்லாம் திண்டிவனத்தில் இருந்ததால் எனக்கு இது தெரியவில்லை. சனிக்கிழமை, ஞாயிற்றுக்கிழமை வீட்டில் இருந்தாலும் நான் பேனாவும் கையுமாகத் திரிந்தேன். அக்காவைத் திரும்பிப் பார்த்தே நாளாகியிருந்தது. அது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை பேனாவைத் தொடாமல் காத்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமை ராகு காலம் நாலரைக்குத் தொடங்கும். மாமா டூட்டிக்குப் போய்விட்டார். நாலரைக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது அக்கா அடுப்பை அணைத்தாள், கையைத் துடைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். இரண்டு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டாள். டிராயிங் மாஸ்டர் வரைந்த படத்தில் அந்தத் தாய் எப்படி உட்கார்ந்திருந்தாளோ அப்படியே இருந்தாள்.

ஒன்றரை வயதுப் பெண் அவள் மடியில் ஏறிப் பார்த்தது. முந்தானையை இழுத்தது. அவள் குனிந்துகூடப் பார்க்கவில்லை. குழந்தை சலித்துப்போய் வாசல் பக்கம் தள்ளாடிப் போனது, படி தடுக்கி முகம் குப்புற விழுந்தது. உதடு கிழிந்து ரத்தம் வந்தது. அம்மாவைப் பார்த்துக் கையை நீட்டிக்கொண்டு வீறிட்டது. அக்காவின் கண்ணில் தண்ணீர் பொலபொலவென்று இறங்கியது. கை மட்டும் மடியை விட்டு எழவில்லை.

நான் ஓடிப்போய்க் குழந்தையைத் தூக்கினேன். "அக்கா! எழுந்திரிக்கா! ரத்தம் வருது, தெரியல?"

அவள் உதடு மட்டும் அசைந்தது. "கொஞ்ச நேரம் வச்சிக்கடா. இப்ப அசைஞ்சன்னா இத்தினி நாளு குந்தினதெல்லாம் போயிடும்."

"அது கதைக்கா! நானா புளுகி எழுதினது. அப்படி ஒரு நாடே கெடையாது!"

"தெரியாமலா எழுதுவ? வாத்தியாருக்குப் படிச்சவன் நீ. நான் படி தாண்டினதுக்கு நான்தான குந்தணும்."

அலமாரியிலிருந்து டைம்பீஸை எடுத்து முள்ளை ஆறு மணிக்குத் திருகி அவள் எதிரில் வைத்தேன். எவ்வளவு அசட்டுத்தனம் பாருங்கள். அவள் அதைப் பார்த்தாள், சுவரில் கிடந்த வெயிலைப் பார்த்தாள், மறுபடியும் அப்படியே இருந்தாள். குழந்தையின் ரத்தம் என் சட்டையில் ஊறிக்கொண்டிருந்தது. இனிமேல் என்னிடம் சொல்வதற்கு ஒன்றே ஒன்றுதான் மீதி இருந்தது. குழந்தையோடு அவள் எதிரில் உட்கார்ந்தேன்.

"அன்னிக்கு வண்டி இருந்துச்சுக்கா. மூணு வண்டி நின்னுச்சு. ஒம்போது மணிக்கு முன்னாடி நீ கெளம்ப மாட்டேன்னு நானா நெனச்சிக்கினேன். டீக்கடையில குந்தி பேசிக்கினு இருந்தேன். வண்டி கெடைக்கலன்னு சொன்னது பொய்யி."

அவள் கேட்டாளா என்றே எனக்குத் தெரியவில்லை. கண் சுவரிலேயே இருந்தது. நான் மறுபடியும் சொன்னேன். டீக்கடையில் சிரித்தவர்களைப் பற்றியும் சொன்னேன். அவள் வாசலில் நின்ற நேரத்தில் நான் என்ன பேசிக்கொண்டிருந்தேன் என்பதையும் விடாமல் சொன்னேன்.

முதலில் அவளுடைய வலது கை மடியிலிருந்து எழுந்தது. பிறகு இடது கை. என் மடியில் இருந்த குழந்தையை வாங்கிக்கொண்டாள். முந்தானையால் அதன் உதட்டை ஒற்றினாள். குழந்தை தேம்பித் தேம்பி அடங்கும்வரை அவள் என்னைப் பார்க்கவே இல்லை.

"அப்போ, நான் படி தாண்டினது தப்பில்லையா?"

"தப்பில்லக்கா."

"இன்னொரு வாட்டி சொல்லு."

"தப்பில்ல. நீ சரியாதான் கெளம்பின. நான்தான் வரல."

அப்போதுதான் அவள் அழுதாள். பையன் செத்த அன்று அழாத அழுகையெல்லாம் சேர்ந்து வந்தது. மார்பில் அடித்துக்கொண்டு, அவன் பெயரைச் சொல்லிச் சொல்லி அழுதாள். அவள் மேல் ஏறியிருந்த பழி இறங்கிவிட்டது என்று எனக்குத் தெரிந்தது. அந்த நிமிஷத்தில் எனக்குச் சந்தோஷமாகக்கூட இருந்தது, அதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. அவள் தோளைத் தொடக் கையை நீட்டினேன். அவள் குழந்தையை அந்தப் பக்கத்து இடுப்புக்கு மாற்றிக்கொண்டு எழுந்தாள்.

"ரெண்டு வருஷத்துக்கு மேல ஆச்சு. தெனம் என் கையால சோறு துன்ன" என்றாள். குரலில் கோபம் இல்லை, அதுதான் தாங்க முடியவில்லை. "எழுந்து போடா இங்கேர்ந்து."

வெயில் இன்னும் சுவரை விட்டு இறங்கவில்லை. ஐந்தேகாலுக்கு மேல் ஆகியிருக்காது. ராகு காலம் முடிய முக்கால் மணி நேரம் இருந்தது.

"இப்பவாக்கா?" என்று கேட்டேன்.

"இப்பவேதான்" என்றாள்.